அடுத்த கணம் அறியாத இசை

சினிமாவுக்குப் பின்னணி இசை அமைக்கும் வித்துவானுக்கு ஒரு பெரிய சௌகரியம் உண்டு. அவர் ரீரெக்கார்டிங் அறையில் வந்து அமரும்போது படம் வெட்டி ஒட்டி முடிந்திருக்கும். கதாநாயகன் கதவைத் திறக்க எத்தனை விநாடி, திறந்தபின் அவன் முகத்தில் திகைப்புத் தோன்ற எத்தனை விநாடி என்பதெல்லாம் நிர்ணயமாகி, எந்த ஊர்க் கொட்டகையில் எத்தனை முறை ஓட்டினாலும் மாறாமல் நிற்கும். வீடியோ கேமுக்கு இசை அமைப்பவருக்கோ அந்தப் பாக்கியம் கிடையாது. அதே கதவின் முன்னால் ஒருவன் வந்த வேகத்தில் உள்ளே பாய்கிறான். இன்னொருவன் வாசலில் கிடக்கும் ஜாடிகளையெல்லாம் ஒவ்வொன்றாக உடைத்துப் பார்த்துவிட்டு, நடுவில் காப்பி குடிக்க எழுந்து போய், அரைமணி கழித்துத் திரும்பி வருகிறான். மூன்றாமவன் கதவைத் தொடாமலே வேறு வழியாகப் போய்விடுகிறான். இம்மூவருக்கும் அந்த இடத்தின் இசை, தனக்கென்றே, அந்தக் கணத்துக்கென்றே எழுதியது போல் ஒலிக்க வேண்டும் என்பது அந்தக் கலைஞர் தலைமேல் விழுந்திருக்கும் பொறுப்பு.

இந்தப் பொறுப்பை நிறைவேற்றுவதற்காக ஏற்பட்ட சாதனங்களுக்கு ஆடியோ மிடில்வேர் என்று பெயர். விளையாட்டை நடத்தும் கேம் என்ஜினுக்கும், அதற்கு ஒலியைச் சிருஷ்டிக்கும் மனிதருக்கும் நடுவே நின்று, இருவர் பாஷையும் அறிந்து, ஒருவர் சொல்வதை மற்றவருக்கு விளங்கச் செய்யும் மென்பொருள் அது. கேம்களைப் பற்றி நம் பத்திரிகைகள் எழுதும்போது சித்திரங்களின் ஜொலிப்பைப் பற்றியும், விற்பனைத் தொகையைப் பற்றியும், பிள்ளைகள் கெட்டுப்போவதைப் பற்றியும் பத்தி பத்தியாக எழுதுகின்றன; காதுக்காக நடக்கும் இந்த அரிய உழைப்பைக் கவனித்தவர்கள் குறைவு. நான் அறிந்த மட்டில், அண்மைக் காலத்தில் இசைக்கலைக்கு உண்மையாகவே புதிதாக வாய்த்த பிரச்சினை இது ஒன்றுதான். இதைத் தீர்க்கப் பாடுபட்டவர்களின் சாமர்த்தியம் நின்று நிதானித்துப் பார்க்கத் தகுந்தது.

ஆடுகிறவன் செயலுக்கு இசை செவிசாய்க்க வேண்டும் என்ற எண்ணம் மிடில்வேரைக் காட்டிலும் பழையது. 1978-ஆம் ஆண்டில் ஜப்பானிய டைட்டோ நிறுவனத்திலிருந்து வெளிவந்த ஸ்பேஸ் இன்வேடர்ஸ் விளையாட்டில், தோமோஹிரோ நிஷிகாடோ நான்கே நான்கு மந்தர ஸ்வரங்களை இறங்குமுகமாக வைத்து, அவற்றை ஓயாமல் ஒலிக்கச் செய்தார். எதிரிப் படை குறையக் குறைய, மிஞ்சியவர்களின் நடை துரிதமாக, அந்த நான்கு ஸ்வரங்களும் கூடவே துரிதமாயின. ஆடியவர்களின் நெஞ்சுத் துடிப்பும் அதோடு ஏறிற்று. 1990-ஆம் ஆண்டில் வந்த சூப்பர் மாரியோ வேர்ல்டில் கோஜி கோண்டோ இன்னும் நயமான காரியம் ஒன்று செய்தார்: மாரியோ, யோஷி என்னும் பிராணியின் முதுகில் ஏறிய மாத்திரத்தில், ஓடிக்கொண்டிருக்கும் பாட்டோடு போங்கோ தாளமும் சேர்ந்துகொள்ளும், இறங்கினால் தாளம் மட்டும் நின்றுவிடும், பாட்டு தடைப்படாது. அந்த விளையாட்டு ஓடிய சூப்பர் நின்டெண்டோ பெட்டியில் ஒலிக்கென்று ஒதுக்கியிருந்த நினைவகம் 64 கிலோபைட் மாத்திரமே என்பதை நினைத்தால், இன்றைக்குக் கைப்பேசியில் எடுக்கும் ஒரு போட்டோவுக்குக்கூடப் போதாத இடத்தில் அம்மனிதர் இதைச் சாதித்திருப்பது ஆச்சரியத்தை உண்டாக்குகிறது.

ஆனால் இந்த விஷயத்தை ஒரு தனித் துறையாக எண்ணிப் பார்த்தவர்கள் என்று சொல்ல வேண்டுமானால், லூகாஸ்ஆர்ட்ஸ் நிறுவனத்தில் பணியாற்றிய மைக்கேல் லேண்ட், பீட்டர் மக்கானல் ஆகிய இருவரைத்தான் சொல்ல வேண்டும். அவர்கள் ஐமியூஸ் என்ற ஓர் ஏற்பாட்டைச் சமைத்து, 1991-ஆம் ஆண்டில் வெளியான மங்கி ஐலண்ட் விளையாட்டின் இரண்டாம் பாகத்தில் முதன்முதலாகப் பிரயோகித்தார்கள். அக்கதையில் உட்டிக் என்று ஓர் ஊர் வருகிறது. உடைந்த கப்பல்களை ஒன்றோடொன்று பிணைத்துக் கட்டிய ஊர். நாயகன் ஒரு கப்பலிலிருந்து மறு கப்பலுக்குப் பலகைமேல் நடந்து போவான். நடக்கும்போது ஊருக்குரிய மெட்டு கேட்கும். ஒரு கதவுக்குள் நுழைந்தால் அதே மெட்டு, தாளம் தப்பாமல், அந்த அறையின் சுபாவத்துக்கு ஏற்ற வேறு வாத்தியத்துக்கு மாறிவிடும். வெளியே வந்தால், அறையின் இசை சட்டென்று அறுந்துபோகாமல், சின்னதொரு முத்தாய்ப்பு வைத்துக்கொண்டு ஊரின் மெட்டோடு போய்ச் சேரும். எந்த மாத்திரையில் அவன் கதவைத் திறப்பான் என்று எழுதியவருக்குத் தெரியாது. ஆகவே, இசைப் பிரதியின் பல இடங்களில் முன்கூட்டியே அடையாளங்கள் இட்டு, 'இந்த இடத்துக்கு வரும்போது அவன் உள்ளே போயிருந்தால் இப்படித் திரும்பு, போகாவிட்டால் நேரே செல்' என்று நிபந்தனைகளை எழுதி வைத்தார்கள். இந்த முறைக்கு 1994-ஆம் ஆண்டில் அமெரிக்கக் காப்புரிமையும் கிடைத்தது.

இது சாத்தியமானதற்குக் காரணம், அந்நாளில் கேம்களின் இசை பெரும்பாலும் மிடி முறையில் இருந்ததுதான். மிடியில் இசை ஒலியாகச் சேமிக்கப்படுவதில்லை. எந்த வாத்தியம், எந்த ஸ்வரம், எவ்வளவு நேரம், எவ்வளவு அழுத்தம் என்ற கட்டளைகளாக எழுதப்பட்டு, கம்ப்யூட்டரின் ஒலி அட்டை அந்தக் கணத்திலேயே அதை வாசிக்கிறது. ஆகையால் நடுவிலே வாத்தியத்தை மாற்றுவதோ காலத்தைக் கூட்டுவதோ எளிது. பிறகு குறுந்தகடு வந்தது. மெய்யான வாத்தியக் கோஷ்டி வாசித்த மெய்யான ஒலியைக் கேம்களில் சேர்க்கலாம் என்றாயிற்று. கேட்டவர்கள் மயங்கிப் போனார்கள். ஆனால் பதிவாகிவிட்ட ஒலியிலிருந்து வயலினை மட்டும் பிரித்தெடுக்கவோ, போகிற போக்கில் வேறு மெட்டுக்குத் திருப்பவோ முடியாதாகையால், பல கேம்களில் இசை பழையபடி ஒரே பாட்டைச் சுற்றிச் சுற்றி ஓட்டுவதாய் முடிந்தது. நாதத்தின் அழகு கூடிற்று. செவிசாய்க்கும் குணம் போயிற்று. இரண்டையும் ஒருங்கே பெறுவதற்கு, பதிவான ஒலியைத் துண்டுகளாகவும் அடுக்குகளாகவும் வைத்துக்கொண்டு, கணந்தோறும் தீர்மானித்துக் கோக்கும் யந்திரம் ஒன்று வேண்டியிருந்தது.

அத்தகைய யந்திரங்களில் இரண்டை இங்கே சொல்லலாம். மெல்போர்ன் நகரத்து பிரெட் பேட்டர்ஸன் 1995-ஆம் ஆண்டில் வெளியிட்ட எஃப்மாட், முதலில் மாட் வகை இசைக் கோப்புகளை வாசிக்கும் சிறு நிரலாகத்தான் ஆரம்பித்தது. பின்னர்ப் படிப்படியாக விருத்தியடைந்து, ஒலியமைப்பாளர் நேரில் கையாளும் முழுப் பணிமேடை ஆயிற்று. மான்ட்ரியல் நகரத்தில் 2000-ஆம் ஆண்டில் தோன்றிய ஆடியோகைனெடிக் நிறுவனம் 2006-ஆம் ஆண்டில் வைஸ் என்னும் சாதனத்தை வெளியிட்டது; 2019-ஆம் ஆண்டில் அந்நிறுவனத்தை சோனியின் கேம் பிரிவு வாங்கிக்கொண்டது. இவ்விரண்டையுமே இன்றைக்கு இத்தொழிலில் இருப்போர் அதிகமாகச் சொல்லிக் கேட்கிறோம். பெரிய ஸ்தாபனங்கள் சில, தமக்கென்று சொந்தமாகவே செய்துகொள்வதும் உண்டு.

இவை செய்த மாற்றத்தின் அருமையை உணர, முன்பு வேலை நடந்த விதத்தைத் தெரிந்துகொள்ள வேண்டும். ஒலியமைப்பாளர் சத்தங்களைப் பதிந்து, கோப்புகளாகப் புரோகிராமரிடம் ஒப்படைப்பார். எந்தச் சத்தம் எப்போது எழ வேண்டும், எவ்வளவு உரக்க, எவ்வளவு தூரத்துக்குக் கேட்க வேண்டும் என்பதையெல்லாம் புரோகிராமர் தம் நிரலுக்குள் எழுதுவார். வாள்வீச்சின் ஓசை சற்றுக் கடுமையாக இருக்கிறது என்று ஒலியமைப்பாளருக்குப் பட்டால், அதைக் குறைக்க அவர் புரோகிராமரிடம் போய் நிற்க வேண்டும்; புரோகிராமருக்கோ அன்றைக்கு விளையாட்டு நடுவில் நின்றுபோகும் கோளாறு ஒன்று கழுத்தைப் பிடித்துக்கொண்டிருக்கும். அவர்மேல் குற்றமில்லை. ஆனால் பத்து முறை திருத்தினால் மேன்மையடையக்கூடிய ஓர் ஓசை, இரண்டு முறை கேட்கவே சங்கோசப்பட்டுக் கைவிடப்பட்டது. காதுள்ளவர் கையில் அதிகாரம் இல்லை. அதிகாரம் உள்ளவருக்குக் காதைத் தீட்ட அவகாசம் இல்லை.

நம் ஊர்க் கல்யாணத்தில் மாங்கல்ய தாரணத்தின்போது, பெரியவர் ஒருவர் கையை உயர்த்தி, 'கெட்டிமேளம், கெட்டிமேளம்' என்று குரல் கொடுக்கிறார். அதற்குமேல் அவர் ஒன்றும் சொல்வதில்லை. நாகஸ்வரக்காரர் ஆலாபனையில் எந்த இடத்தில் சஞ்சரித்துக்கொண்டிருந்தாலும், அதை எவ்விதம் முறித்து எந்த ஸ்வரத்துக்குத் தாவுவது, தவில் எவ்வளவு உக்கிரமாய் முழங்குவது, எப்போது ஓய்ந்து பழைய ராகத்துக்குத் திரும்புவது என்பதெல்லாம் மேளக்காரர்களுடைய வித்தை. குரல் கொடுத்தவர் அதில் தலையிடுவதில்லை. மிடில்வேர் புரோகிராமருக்கும் ஒலியமைப்பாளருக்கும் இடையில் ஏற்படுத்திய ஒப்பந்தம் இதுவே. விளையாட்டில் ஒன்று நிகழ்ந்தது என்று நிரல் பெயர் சொல்லிக் கூப்பிடும். அந்தக் கூப்பாட்டுக்கு ஈவென்ட் என்று பெயர். அந்தப் பெயருக்குள் ஒரு சத்தம் இருக்கிறதா, நாற்பது சத்தங்கள் இருக்கின்றனவா, மௌனம்தான் இருக்கிறதா என்பது ஒலியமைப்பாளரின் தீர்மானம். அதோடு, ஓடிக்கொண்டிருக்கும் விளையாட்டோடு அவர் தம் பணிமேடையைத் தொடுத்துக்கொண்டு, நாயகன் ஓட ஓட, மழை பெய்யப் பெய்ய, ஒவ்வோர் ஓசையையும் கேட்டுக்கொண்டே கூட்டியும் குறைத்தும் பார்க்கலாம். அதிகாரம் காதுள்ளவரிடம் வந்து சேர்ந்தது. மிடில்வேரின் மற்ற எல்லா வசதிகளையும்விட இதையே நான் பெரிதாக மதிக்கிறேன்.

ஒரு காலடியை எடுத்துக்கொள்வோம். விளையாட்டில் மிகச் சாதாரணமானது அது. அதனாலேயே மிகக் கடினமானது. நாயகனின் குதிகால் தரையைத் தொடும் அந்தச் சித்திரத்தில் ஓர் அடையாளம் இட்டிருப்பார்கள். அடையாளம் வந்ததும் என்ஜின் அவன் பாதத்துக்குக் கீழே பார்த்து, அங்கே இருப்பது புல்லா, கல்லா, மரப்பலகையா, பனியா என்று அறிந்து, அந்தச் செய்தியோடு ஈவென்ட்டை எழுப்புகிறது. மிடில்வேருக்குள் ஒவ்வொரு தரைக்கும் ஒரு தொகுதி இருக்கிறது. ஒவ்வொரு தொகுதியிலும் அதே தரையில் பல தடவை நடந்து பதிந்த ஓசைகள் இருக்கின்றன. அவற்றில் ஒன்றை, சற்றுமுன் ஒலித்தது திரும்ப வராதபடி, அது தற்செயலாகப் பொறுக்குகிறது. பொறுக்கியதன் சுருதியை மயிரிழை ஏற்றியோ இறக்கியோ, உரப்பைச் சிறிது மாற்றியோ வெளிவிடுகிறது. ஏனென்றால் மனிதக் காது பொல்லாதது. அச்சடித்தாற்போன்ற ஒரே ஓசை மூன்றாம் தடவை வந்தால், கேட்பவன் காரணம் அறியாமலே, 'இது பொய்' என்று உணர்ந்துவிடுகிறான். குதிகாலுக்கு ஓர் ஓசை, முன்பாதத்துக்கு ஓர் ஓசை, உடுப்பு உரசும் சலசலப்பு, இடையில் தொங்கும் வாளின் கிணுகிணுப்பு என்று அடுக்குகளாகப் பிரித்து வைத்தால், அவன் நடந்தால் ஒரு கலவை, ஓடினால் ஒரு கலவை, காயம்பட்டு நொண்டினால் வேறொரு கலவை. பனியில் நடக்கும் ஓசைக்காகச் சோளமாவைத் துணிப்பையில் கட்டிப் பிசைந்து பதிவது சினிமாக்காரர்களின் பழைய வழக்கம். அந்த வழக்கம் கேம்களிலும் தொடர்ந்து வருகிறது. இத்தனை பாடும் ஓர் அடி எடுத்து வைப்பதற்கு. நாயகன் ஒரு விளையாட்டு முடிவதற்குள் பதினாயிரக்கணக்கான அடிகள் எடுத்து வைக்கிறான்.

ஈவென்ட் என்பது ஒரு கணத்துச் செய்தி. தொடர்ந்து மாறிக்கொண்டிருக்கும் நிலைமைகளுக்குப் பாராமீட்டர் என்னும் எண்கள் உண்டு. காரின் என்ஜின் நிமிஷத்துக்கு எத்தனை சுற்றுச் சுற்றுகிறது என்பது அத்தகைய ஓர் எண். ஆயிரம் சுற்றில் பதிந்த உறுமல், மூவாயிரத்தில் பதிந்தது, ஆறாயிரத்தில் பதிந்தது என்று சிலவற்றை வரிசையாய் வைத்து, எண் ஏற ஏற ஒன்று மங்கி மற்றொன்று மேலெழும்படி வளைகோடுகள் வரைந்துவிட்டால், காலை அழுத்தும் அளவுக்கு வண்டி உறுமுகிறது. நாயகனின் உயிர்ப்பலம், காற்றின் வேகம், எதிரி இருக்கும் தூரம் எதையும் இப்படி எண்ணாக்கி ஒலியோடு பிணைக்கலாம்.

இசையில் இது எப்படிப் பலிக்கிறது என்று பார்க்க, 2010-ஆம் ஆண்டில் வந்த ரெட் டெட் ரிடெம்ப்ஷனைக் கவனிக்கலாம். அமெரிக்க மேற்குப் பாலைநிலத்தில் குதிரைமேல் அலையும் கதை அது. இசையமைத்த பில் எல்ம், வூடி ஜாக்ஸன் இருவரும், நிமிஷத்துக்கு 130 தட்டு என்ற ஒரே காலப்பிரமாணத்தில், நம் நடபைரவியின் ஸ்வரங்களை ஒத்த ஏ மைனர் என்ற ஒரே சுருதியில் இசைத் துண்டுகளை அமைத்து, வாத்தியங்களைத் தனித்தனியாகப் பிரித்து வைத்தார்கள். ஒரே சுருதி, ஒரே காலம். ஆகவே எந்தத் துண்டின் மேளத்தையும் எந்தத் துண்டின் கிடாரோடும் சேர்த்தால் பொருந்தும். வெறும் வெளியில் குதிரை மெல்ல நடக்கும்போது நீண்ட ஒற்றை நாதம். பகைவன் சுட்டால் அடியிலே பாஸ் கிடார். குதிரைமேல் தப்பியோடினால் மேளம். இது பாட்டை மாற்றாமல் அதன்மேல் அடுக்கும் முறை. இன்னொரு முறையில், ஒரு பகுதியிலிருந்து மற்றொரு பகுதிக்கே இசை தாவிவிடும். 130 தட்டில் நான்கு தட்டு கொண்ட ஓர் ஆவர்த்தம் ஏறக்குறைய 1.85 விநாடி; ஆவர்த்தத்தின் நடுவில் ஆபத்து வந்தால், இசை அதன் முடிவுவரை காத்திருந்து திரும்பினாலும் இரண்டு விநாடி தாமதமாகாது. அதுவும் பொறுக்காத அவசரமானால், ஒரு முழக்கத்தைக் குறுக்கே விழச் செய்து, அதன் மறைவில் மாற்றத்தை நடத்திவிடுவார்கள். பல கேம்களில் திரையில் சித்திரம் விநாடிக்கு 60 தடவை மாறுகிறது. ஒலியோ வழக்கமாக விநாடிக்கு 48,000 கூறுகளாக ஓடுகிறது. சித்திரத்தின் கடிகாரத்தை நம்பித் தாளத்தைத் தொடுத்தால் காது தடுக்கி விழும். ஆகையால் மிடில்வேர் தனக்கென்று ஒரு கடிகாரம் வைத்துக்கொண்டு, கூறு பிசகாமல் துண்டுகளை இணைக்கிறது.

எல்லா ஓசையும் ஒரே சமயத்தில் கேட்க வேண்டும் என்பதும் இல்லை. அது சாத்தியமும் இல்லை. யுத்த களத்தில் நூறு பேர் கத்தி, இருநூறு குண்டுகள் வெடித்தாலும், யந்திரத்தின் சக்தியை உத்தேசித்து ஓர் உச்சவரம்பு வைத்து, அதற்கு மேற்பட்டவற்றை ஒலிக்காமலே கணக்கில் மாத்திரம் நடத்திக்கொண்டு போய், அவை அருகில் வரும்போது விட்ட இடத்தில் சேர்க்கிறார்கள். பேச்சு வந்தால் இசை தணிகிறது. நீருக்குள் மூழ்கினால் மேல்ஸ்தாயி ஓசைகள் மங்கிவிடுகின்றன. சுவருக்கு அப்பால் பேசுபவன் குரல் மொத்தையாகக் கேட்கிறது. எதைக் கேட்கச் செய்வது என்பதைப் போலவே, எதைக் கேளாமற் செய்வது என்பதும் இங்கே கலையாகிவிடுகிறது.

ஒரு குறையையும் சொல்லத்தான் வேண்டும். புதரின் பின்னால் ஒருவன் ஒளிந்திருக்கிறான். அவனை ஆடுபவன் பார்க்கவில்லை. ஆனால் அவன் தூரத்தை அளக்கும் எண்ணோடு இசையைப் பிணைத்துவிட்டபடியால், மேளம் முன்னதாகவே அதிர்ந்து, காரியத்தைக் காட்டிக்கொடுத்துவிடுகிறது. சண்டை ஓய்ந்ததா என்று சுற்றுமுற்றும் பார்க்காமல், இசை ஓய்ந்ததா என்று கேட்டே தெரிந்துகொள்ளும் பழக்கம் ஆடுபவர்களுக்கு வந்துவிட்டது. இது கருவியின் தோஷம் ஆகாது. எல்லாவற்றோடும் எல்லாவற்றையும் பிணைக்க முடிகிறது என்பதனாலேயே பிணைத்துவிடும் ஆவலின் தோஷம். அஞ்ச வேண்டிய இடத்தில் இசை வாய் திறவாமல் இருந்துவிடுவது பல சமயங்களில் மிகச் சிறந்த பிரயோகம் என்பது என் அபிப்பிராயம்.

இந்த வித்தையை உள்ளே புகுந்து பார்க்க விரும்பும் வாசகருக்கு ஓர் அருமையான வாய்ப்பு இருக்கிறது. 2018-ஆம் ஆண்டில் வெளிவந்த செலெஸ்ட், மேடலின் என்னும் பெண் தன் மனக்கலக்கத்தோடு போராடிக்கொண்டே ஒரு மலையில் ஏறும் கதை. இசை லீனா ரெய்ன் அமைத்தது. அதன் எஃப்மாட் பணிக்கோப்பை, கற்பவர்களுக்கு உதவும்பொருட்டு, யாரும் இறக்கித் திறந்து பார்க்கும்படி வெளியிட்டிருக்கிறார்கள். இசை, பாத்திரம், சூழல், பட்டியல்திரை என்று ஈவென்ட்டுகள் வீட்டுச் சாமான்போல் ஒழுங்காக வகைப்படுத்தப்பட்டிருக்கின்றன. மேடலினின் காலடியைத் திறந்தால், தரையைக் குறிக்கும் எண் ஒன்று காத்திருக்கிறது. பனி, மரம், செங்கல், இரும்பு உத்தரம் என்று ஒவ்வொன்றாக மாற்றி அழுத்திக் கேட்கலாம். இசையைத் திறந்தால், அவள் எவ்வளவு தூரம் முன்னேறினாள் என்பதைக் குறிக்கும் எண் ஒன்று இருக்கிறது. அவள் அறைக்கு அறை ஏறும்போது நிரல் அதைக் கூட்டுகிறது, இசை அடுத்த பகுதிக்கு நகர்கிறது. ஒரே பாறையில் நூறு முறை விழுந்து நூறு முறை எழும் விளையாட்டு அது; விழுந்த ஒவ்வொரு தடவையும் இசை முதலிலிருந்து ஆரம்பித்தால் ஆடுபவன் மனம் ஒடிந்துபோகும். ஆகவே அவள் விழுந்தாலும் பாட்டு விழுவதில்லை. அவள் எழுந்து நிற்கும்போது அது போன இடத்திலிருந்து ஓடிக்கொண்டிருக்கிறது. எவ்வளவு பரிவான ஏற்பாடு!

அதே விளையாட்டில், ஒலிநாடா ஒன்றைத் தேடிப் போகும் ரகசிய அறைகள் சில இருக்கின்றன. அங்கே நீலமும் ரோஜாநிறமுமான பலகைகள் மாறி மாறித் திடமாவதும் கரைவதுமாக இருக்கும். அவை மாறுவது இசையின் தட்டுக்கு. நிரலே தாளத்தை எண்ணி, எத்தனையாவது மாத்திரை என்ற எண்ணை இசைக்குச் சொல்லிக்கொண்டு போகிறது. பலகைகளும் பாட்டும் ஒரே எண்ணிக்கையில் பூட்டப்பட்டிருப்பதால், ஒன்றையொன்று முந்துவதும் இல்லை, பிந்துவதும் இல்லை. மற்ற அறைகளிலெல்லாம் அவள் எப்போது தாவுவாள் என்று இசை காத்திருந்தது. இந்த அறையில் அவள் நிற்கிற நீலப் பலகை இன்னும் சில தட்டுகளில் கரைந்துவிடும். அதற்குள் தாவியாக வேண்டும் என்று ஆடுகிறவர், விரலைப் பொத்தான்மேல் வைத்துக்கொண்டு, வாய்க்குள் தாளம் போடுகிறார்.